சோடாக் கொம்பனி மார்க்கண்டரின் இரண்டு வழக்குகள்

மார்க்கண்டர் எங்கள் கந்தோருக்கு முதன்முதலாக வந்தது 1943ஆம் ஆண்டு ஆவணி மாதத்தில். இடது புருவத்துக்கு மேலே பிளாஸ்திரி ஒட்டியிருந்தது. கையில் நாலாக மடித்த ஒரு கடுதாசி. வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல், கிட்ட இருந்த என்னிடம் நீட்டினார்.

"தம்பி, இதிலை என்ன எழுதியிருக்கெண்டு ஒருக்காச் சொல்லுங்கோ. இங்கிலீசு எனக்குத் தெரியாது."

நான் அப்போது யாழ்ப்பாணத்தில் ஒரு பிரக்கிராசியாரிடம் கிளாக்கராக இருந்தேன். வழக்குப் பேசும் சட்டத்தரணியை அந்தக் காலத்தில் சனங்கள் பிரக்கிராசியார் என்றுதான் சொல்வார்கள். கோட்டில், அதாவது நீதிமன்றத்தில், எல்லாம் இங்கிலீசு. ஆகவே என் வேலையில் பாதி, வருகிறவர்களுக்கு அவர்களுடைய சொந்த விஷயத்தைத் தமிழில் எடுத்துச் சொல்வதுதான்.

வாசித்தேன். கட்டிடத்தின் சொந்தக்காரர் ஏரம்பு அனுப்பிய அறிவித்தல் அது. சோடாப் போத்தல்கள் வெடித்து அயலவருக்குத் தொல்லையாக இருக்கிறது, மெசினின் பாரத்தால் நிலம் பிளந்துவிட்டது, ஆகையால் அடுத்த மாத முடிவுக்குள் இடத்தைக் காலி செய்து தரவேண்டும் என்று எழுதியிருந்தது.

சொன்னதும் அவர் புருவத்தைத் தொட்டுப் பார்த்தார்.

"வெடிச்சது உண்மைதான். ஆனா வெடிச்சு எனக்குத்தானே பட்டது."

அவருடைய கதை எனக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரிய வந்தது. புத்தூரில் பிறந்தவர். தகப்பனின் தோட்டக் காணி மூன்று ஆண்பிள்ளைகளுக்குக் காணாது என்று, இளம் வயதிலேயே கொழும்புக்குப் போய் ஒரு சோடாத் தொழிற்சாலையில் ஆறு வருஷம் வேலை செய்தார். 1930இல் கையால் சுற்றும் பழைய மெசின் ஒன்றை வாங்கி ரயிலில் ஏற்றிக்கொண்டு ஊர் திரும்பினார். யாழ்ப்பாணப் பட்டினத்தில் தொழில் தொடங்க அவர் கடை தேடவில்லை, கிணறு தேடினார். பட்டினத்துக் கிணறுகளில் பெரும்பாலானவை சவர், உப்புக் கரிக்கும். அந்தத் தண்ணீரில் சோடா போட்டால் ஒருமுறை குடித்தவன் இரண்டாம் முறை வரமாட்டான். ஒரு மாதம் முழுவதும் தெருத்தெருவாகப் போய்த் தண்ணீர் கேட்டுக் குடித்துப் பார்த்திருக்கிறார்.

பெரியகடைக்குக் கிழக்கே ஓர் ஒழுங்கையில் ஏரம்புவுக்கு ஒரு புகையிலைக் கிட்டங்கி இருந்தது. வெறுமையாகக் கிடந்தது. அதன் பின்பக்கத்தில் நல்ல தண்ணிக் கிணறு. மார்க்கண்டர் ஒரு வாளி அள்ளிக் குடித்தார். கூரையைக்கூட நிமிர்ந்து பார்க்கவில்லை, வாடகைக்கு எடுத்துக்கொண்டார். எழுத்து ஒன்றும் இல்லை, வாய்ப்பேச்சுத்தான். பிறகு கிணற்றை இறைத்துக் கலக்கித் துப்புரவாக்கி, அதன் சுற்றுச்சுவரை உயர்த்திக் கட்டி, மெசினுக்குச் சீமெந்துத் தளம் போட்டார். பின் அறையில் அவரும் மனைவி தங்கமுத்துவும் குடியிருந்தார்கள். பிள்ளைகள் இல்லை. அவர் சக்கரத்தைச் சுற்றுவார், தங்கமுத்து போத்தல் கழுவுவார். பட்டினத்துத் தேத்தண்ணிக் கடைகளில் பாதிக்கு அவர்களுடைய சோடாதான் போனது.

இப்படிப் பதின்மூன்று வருஷம். இடையில் யுத்தம் வந்தது. பலாலியில் விமானத்தளம் போட்டார்கள். பட்டாளத்துக்குச் சாமான் கொடுக்கிற கொந்தராத்துக்காரர்கள் கிட்டங்கி தேடி அலைந்தார்கள். ஒருவர் மூன்று மடங்கு வாடகை தருவதாகச் சொன்னதும் ஏரம்புவுக்கு வெடித்த போத்தல் ஞாபகம் வந்துவிட்டது.

எங்கள் பிரக்கிராசியார் கடுதாசியைப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

"முந்தியெண்டால் நான் உம்மை வீட்டை போய்ச் சாமான் கட்டச் சொல்லியிருப்பன். மாதத்துக்கு மாதம் வாடகை, ஒரு மாத நோட்டிஸ், அவ்வளவுதான் சட்டம். இப்ப அப்பிடியில்லை. போன வருசம் புதுச் சட்டம் வந்திட்டுது. நினைச்ச உடனை வாடகைக்காரரை எழுப்ப ஏலாது. நியாயம் காட்ட வேணும்."

"கடைக்கும் உண்டோ ஐயா, வீட்டுக்கு மட்டுமோ?"

"கடைக்கும்தான்."

வழக்கு றிக்குவெஸ்ற் கோட்டில் நடந்தது. சிறிய சிவில் வழக்குகளுக்கான கோடு அது. ஏரம்புவின் பக்கத்துச் சாட்சியாக வந்த அயல்வீட்டுக்காரர், எங்கள் பிரக்கிராசியார் நாலு கேள்வி கேட்டதும், தான் அந்தச் சத்தத்துக்குப் பழகிவிட்டதாக ஒத்துக்கொண்டார். நிலம் பிளந்தது என்றார்கள். அந்தச் சீமெந்து நிலத்தைப் போட்டதே மார்க்கண்டர்தான் என்று தெரிந்தது. ஒரு மணித்தியாலத்தில் வழக்குத் தள்ளுபடியானது.

அன்று பின்னேரம் அவரே ஒரு பெட்டிச் சோடாவைத் தலையில் சுமந்துகொண்டு கந்தோருக்கு வந்தார்.

"தம்பி, இனி எனக்குப் பயமில்லை. சட்டம் எங்கடை பக்கம்" என்றார்.

நானும் ஓம் என்றேன். அப்போது அதை நம்பித்தான் சொன்னேன்.

ஏரம்புவுக்கு ஒரு மகள் இருந்தாள். குணலட்சுமி. அவளை மலாயாவில் ரெயில்வேக் கிளாக்கராக இருந்த சிவசுப்பிரமணியம் என்பவருக்குக் கட்டிக் கொடுத்திருந்தார்கள். பிள்ளைப்பேற்றுக்கு அவள் ஊருக்கு வந்த நேரத்தில் யப்பான்காரன் மலாயாவைப் பிடித்துக்கொண்டான். நாலு வருஷம் புருஷன் உயிரோடு இருக்கிறாரா என்பதே தெரியாது. 1946இல் அவர் திரும்பி வந்தார். சயாம் காட்டில் யப்பான்காரன் போட்ட ரெயில் பாதைக்குக் கொண்டுபோயிருந்தார்களாம். வந்தவரை, ஊரில் பிறந்து வளர்ந்த அவருடைய மகள் யாரென்று கேட்டாளாம். ஏரம்பு, சீதனத்தில் எழுதாமல் வைத்திருந்த அந்தக் கிட்டங்கியை மகள் பேருக்கு உறுதி எழுதிக் கொடுத்தார். மருமகன் அதில் ஒரு பலசரக்குக் கடை போட்டுப் பிழைக்கட்டும் என்பது அவருடைய எண்ணம்.

மார்க்கண்டருக்கு இரண்டாவது அறிவித்தல் வந்தது. இந்தமுறை வெடித்த போத்தல் பற்றி ஒரு சொல் இல்லை. சொந்தக்காரிக்குத் தன் குடும்பத்தின் வியாபாரத்துக்கு இடம் நியாயமான தேவையாக இருக்கிறது என்ற ஒரே வரிதான்.

மார்க்கண்டர் பயமில்லாமல்தான் வந்தார். கதிரையில் இருந்து, "போனமுறை மாதிரி ஒரு மணித்தியாலத்திலை முடிஞ்சிடுமே ஐயா?" என்று கேட்டார்.

பிரக்கிராசியார் இந்தமுறை சிரிக்கவில்லை.

"மார்க்கண்டு, சட்டத்திலை ஒரு கதவு திறந்துதான் கிடக்கு. சொந்தக்காரருக்கே இடம் தேவையெண்டால் எழுப்பலாம். அந்த மனிசனைப் பாத்தனீரோ? அவர் சாட்சிக் கூட்டிலை ஏறி நிண்டாலே காணும்."

"எனக்கும் தேவைதானே ஐயா. கிணறில்லாமல் நான் என்ன செய்யிறது?"

"அதைத்தான் சொல்லப்போறம். சொல்லிப் பாப்பம்."

விளக்கத்தன்று, அதாவது வழக்கை விசாரித்த நாளில், மார்க்கண்டர் மூன்று போத்தலில் தண்ணீர் கொண்டுவந்தார். ஒன்று தன் கிணற்றுத் தண்ணீர், மற்ற இரண்டும் பட்டினத்தில் காலியாக இருந்த வேறு இரண்டு கட்டிடங்களின் கிணற்றுத் தண்ணீர். எங்கே வேண்டுமானாலும் கடை எடுக்கலாமே என்று எதிர்ப்பக்கம் சொல்லும் என்று எங்களுக்குத் தெரியும். தண்ணீரைச் சான்றாக வைப்பதற்கு எதிர்ப்பக்கத்துப் பிரக்கிராசியார் மறுப்புத் தெரிவித்தார். நீதவான் அவரை இருக்கச் சொல்லிவிட்டு ஒரு கிளாஸ் கொண்டுவரச் சொன்னார். மூன்றிலும் ஒவ்வொரு மிடறு குடித்தார். இரண்டாவதைக் குடிக்கும்போது அவர் முகம் சுளித்ததை நான் கண்டேன். மார்க்கண்டரும் கண்டார். என் பக்கம் திரும்பித் தலையை ஆட்டினார்.

பிறகு சிவசுப்பிரமணியம் கூட்டில் ஏறினார். ஏறுவதற்குக் கம்பியை இரண்டு கையாலும் பிடிக்க வேண்டியிருந்தது. எங்கள் பிரக்கிராசியார், "வேறை தொழில் தேடிப் பாத்தீரோ?" என்று கேட்டார்.

"தேடினனான் ஐயா. இரண்டு இடத்திலை எடுத்தவை. கனநேரம் இருந்து எழுத ஏலாமல் கிடக்கு. விட்டிட்டன்."

"உமக்கு வியாபாரம் தெரியுமோ?"

"தெரியாது ஐயா. பழக வேணும்."

பொய் சொல்லும் ஆளிடம் நாலு கேள்வி கேட்கலாம். இவரிடம் என்னத்தைக் கேட்பது? எங்கள் பிரக்கிராசியார் கேள்வியை நிறுத்திக் கதிரையில் இருந்துவிட்டார்.

மத்தியான இடைவேளையில் கோட்டு விறாந்தையில் ஒரு காரியம் நடந்தது. சிவசுப்பிரமணியம் மெல்ல நடந்து மார்க்கண்டரிடம் வந்தார்.

"அண்ணை, என்னிலை கோவிக்காதேங்கோ."

"உங்களிலை எனக்கென்ன கோவம்? நீங்கள் பட்டதைக் கேட்டனான்" என்றார் மார்க்கண்டர். பிறகு, "தம்பி, கடைக்கு முன்பக்கம் காணும்தானே? முன்பக்கத்தை நீங்கள் எடுங்கோ. பின் அறையையும் கிணத்தையும் எனக்கு விடுங்கோ. மெசினைப் பின்னுக்கு இழுக்கிறன். உங்கடை கடைக்கும் சோடா தேவைப்படும்" என்றார்.

சிவசுப்பிரமணியம் யோசித்தார். "அது எனக்குச் சரி. பின்னுக்கு ஒரு ஆள் இருந்தால் எனக்கும் உதவிதான். பிரக்கிராசியாரைக் கேட்டிட்டு வாறன்" என்று போனார்.

பதினைந்து நிமிஷம் கழித்துத் திரும்பி வந்தார். முகத்தைப் பார்த்தே விளங்கிவிட்டது.

"அவர் வேண்டாமெண்டு சொல்லுறார், அண்ணை. இப்ப ஒரு பாதியிலை உங்களை இருக்க விட்டால், அது புது வாடகையாகுமாம். பேந்து ஒருநாள் அந்த இடம் எனக்குத் தேவைப்பட்டாலும், முந்திப் பாதி காணுமெண்டு ஒத்துக்கொண்டனீர்தானே எண்டு சொல்லி, இந்தச் சட்டத்தாலை கோடு உங்களை எழுப்ப விடாதாம். மாமாவும் அதுதான் சொல்லுறார்."

"நான் எழுதித் தாறன் தம்பி. கேக்கிற அண்டைக்கு எழும்புவன் எண்டு எழுதித் தாறன்."

சிவசுப்பிரமணியம் என்னைப் பார்த்தார். நான்தான் சொல்ல வேண்டியிருந்தது. அப்படி எழுதிக் கொடுத்தாலும் கோட்டில் நிற்காது. வாடகைக்காரர் தன் பாதுகாப்பைத் தானே எழுதிவிட்டுக் கொடுக்க முடியாது. அவரைக் காப்பாற்றத்தான் அப்படி வைத்திருக்கிறார்கள்.

மார்க்கண்டர் அதை என்னிடம் இரண்டுமுறை திருப்பிச் சொல்லச் சொன்னார். இரண்டாம் முறையும் கேட்டுவிட்டு, "அப்ப நாங்கள் இரண்டுபேரும் ஓமெண்டாலும் ஏலாது" என்றார். சிவசுப்பிரமணியம் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போனார்.

இரண்டு கிழமை கழித்துத் தீர்ப்பு. நீதவான் அரைமணித்தியாலம் வாசித்தார். மார்க்கண்டர் கைகளைக் கட்டிக்கொண்டு நின்றபடி ஒவ்வொரு சொல்லையும் கேட்டார், ஒன்றும் விளங்காமல். தங்கமுத்து பின் வரிசை வாங்கில் இருந்தார். முடிந்ததும் அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள். வெளியே வந்ததும் அவர் கேட்டார்.

"என்ன சொன்னவர்?"

"இடத்தை விடச் சொல்லிப்போட்டார்."

"அரைமணித்தியாலமும் அதைத்தான் சொன்னவரோ?"

நான் அவரை வாசலில் விட்டுவிட்டு உள்ளே போனேன். அன்றைக்கு எங்களுக்கு இன்னும் மூன்று வழக்கு இருந்தது.

கொழும்புக்கு அப்பீல் எடுத்தோம். எடுக்க வேண்டாம் என்று பிரக்கிராசியார் சொன்னார். உண்மை எது பொய் எது என்று கீழ்க்கோடு கண்டதை மேல்க்கோடு திருப்பிப் பார்க்காது, சட்டப் பிழை இருந்தால்தான் பார்க்கும், இதில் சட்டப் பிழை ஒன்றும் தெரியவில்லை என்றார். தங்கமுத்து தன் தாலிக்கொடியை விற்றுவிட்டு மஞ்சள் கயிற்றோடு வந்து நின்றபிறகு அவராலும் மறுக்க முடியவில்லை. ஒரு வருஷம் அப்பீல் கிடந்தது. அந்த ஒரு வருஷமும் மார்க்கண்டர் சக்கரம் சுற்றினார். 1948 மாசியில் தந்தி வந்தது, அப்பீல் தள்ளுபடி என்று. கொழும்பில் வழக்குப் பேசிய அப்புக்காத்தர் பத்து நிமிஷம்கூட நின்று பேசவில்லையாம். நீதியரசர்கள் எதிர்ப்பக்கத்தை மறுமொழி சொல்லக் கூப்பிடவே இல்லையாம், அதற்குத் தேவையே இருக்கவில்லையாம்.

தீர்ப்பை நிறைவேற்றப் பிஸ்கால் கந்தோரிலிருந்து ஒரு உத்தியோகத்தரும் நாலு கூலியாட்களும் வந்தார்கள். காலை ஒன்பது மணி இருக்கும். பிரக்கிராசியார் என்னைப் போய்ப் பார்த்துவிட்டு வரச் சொல்லியிருந்தார். பார்ப்பதற்கு மட்டும்தான், செய்வதற்கு ஒன்றும் இருக்கவில்லை.

தங்கமுத்து கிணற்றடியில் குந்தியிருந்து போத்தல் கழுவிக்கொண்டிருந்தார். முதல்நாள் கடைகளிலிருந்து திரும்பி வந்த போத்தல்கள். உத்தியோகத்தர் கிட்டப் போய், "அம்மா, நேரமாகுது" என்றார்.

"ஊத்தையோடை எப்பிடிக் கொண்டுபோறது?" என்றார் தங்கமுத்து, நிமிராமல்.

உத்தியோகத்தர் நல்ல மனிதர். மணிக்கூட்டைப் பார்த்துவிட்டு ஒழுங்கைக்கு வந்து சுருட்டைப் பற்றவைத்தார். கடைசிப் போத்தல் கழுவி முடியும்வரை நின்றார். பிறகு சாமான்களை ஒவ்வொன்றாக வெளியே வைத்தார்கள். மெசினைச் சீமெந்துத் தளத்திலிருந்து பெயர்த்து எடுக்க ஆட்கள் போதவில்லை. ஒழுங்கையில் வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றவர்களையும் கூப்பிட்டார்கள். மார்க்கண்டரும் ஒரு பக்கம் பிடித்தார். வேறு யாருடையதையோ தூக்குவதுபோல, "பாத்து, பாத்து, அந்தக் குழாய் முறிஞ்சிடும்" என்று சொல்லிக்கொண்டே தூக்கினார். வாசலைக் கடந்ததும் உத்தியோகத்தர் கதவைப் பூட்டித் திறப்பை ஏரம்புவின் ஆளிடம் கொடுத்தார். சிவசுப்பிரமணியம் அன்றைக்கு வரவில்லை.

கடற்கரைப் பக்கம் ஒரு கொட்டில் கிடைத்தது. கிணறு சவர். நல்ல தண்ணீரை வண்டியில் ஏற்றி வரவேண்டியிருந்தது. வண்டில்காரர் வராத நாளில் வேலை இல்லை. வந்த நாளிலும் தண்ணீர் ஒரே இடத்துத் தண்ணீராக இருக்காது. சோடாவின் ருசி மாறிவிட்டது என்று கடைக்காரர்கள் ஒவ்வொருவராகச் சொல்லத் தொடங்கினார்கள். மார்க்கண்டர் அவர்களோடு வாதாடவில்லை. அவருக்கே தெரியும், வாயில் வைத்தால் கண்டுபிடித்துவிடுவார். எட்டு மாதத்தில் மெசினைச் சாவகச்சேரியில் ஒருவருக்குக் கொடுத்துவிட்டுப் புத்தூருக்குப் போனார்கள். தங்கமுத்துவின் தமையனின் வெங்காயத் தோட்டத்தில் இருவரும் கூலிக்கு வேலை செய்தார்கள்.

கிட்டங்கியை விட்டு ஒன்றரை வருஷம் கழித்து, 1949 ஐப்பசியில், அவர் மறுபடியும் கந்தோருக்கு வந்தார். ஆள் கறுத்து மெலிந்திருந்தார். வந்து இருக்காமலே கேட்டார்.

"தம்பி, கிட்டங்கியைப் புடைவைக்கடைக்காரன் ஒருத்தனுக்கு வாடகைக்குக் குடுத்திருக்கினம். இப்ப போய்ப் பாத்திட்டு வாறன். பெரிய பேர்ப்பலகை போட்டிருக்கு."

எனக்கு அது தெரியும். சிவசுப்பிரமணியத்தின் பலசரக்குக் கடை ஒரு வருஷம் ஓடியது. கடனுக்குக் கேட்டவர்களுக்கு இல்லை என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. இதற்குள் மலாயா ரெயில்வேயில் பழைய ஆட்களைத் திரும்ப எடுக்கிறார்கள் என்று கடிதம் வந்தது. மனைவி பிள்ளையோடு கப்பலேறிவிட்டார். புடைவைக்கடைக்காரர் கொடுக்கும் வாடகையை ஏரம்பு மாதாமாதம் மகளுக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்.

பிரக்கிராசியார் உள்ளேயிருந்து எழுந்து வந்தார். மார்க்கண்டர் அவரிடமும் அதையே சொன்னார்.

"தங்களுக்குத் தேவையெண்டுதானே ஐயா என்னை எழுப்பினவை? இப்ப தேவையில்லைத்தானே? வழக்கைத் திருப்பிப் போடுவம்."

"வழக்குப் போட்ட நேரத்திலை தேவை உண்மை, மார்க்கண்டு. அவர் பொய் சொல்லேல்லை. பொய் சொல்லியிருந்தால் ஏதும் செய்து பாக்கலாம்."

"உண்மை சொன்னதாலை ஏலாதோ?"

"ஏலாது."

 பிரக்கிராசியார் கோட்டுக்கு நேரமாகிறது என்று மேலங்கியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மார்க்கண்டர் போகவில்லை. வாங்கில் இருந்தார். நான் என் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரத்தால் கேட்டார்.

"தம்பி, அண்டைக்கு நீதவான் அரைமணித்தியாலம் வாசிச்சவரெல்லோ. அந்தக் கடுதாசி இஞ்சை இருக்கோ?"

இருந்தது. பழைய வழக்குக் கட்டுகளுக்குள்ளிருந்து தூசி தட்டி எடுத்தேன். என்ன இருக்கிறது என்று தமிழில் சொல்லச் சொன்னார். மூன்று வருஷத்துக்கு முந்தியே நான் செய்திருக்க வேண்டிய வேலை அது. முதலிலிருந்து தொடங்கினேன். கட்டிடம் எங்கே இருக்கிறது, யார் யாருக்கு என்ன உறுதி என்றெல்லாம் போய், நாலாம் பக்கத்தில் அவரைப் பற்றி வந்தது. ஒவ்வொரு வசனமாக வாசித்துத் தமிழில் சொன்னேன்.

"எதிராளி நேர்மையான மனிதர் என்று நான் காண்கிறேன். பதினாறு வருஷம் அந்த இடத்தைத் தன்னுடையதுபோலப் பராமரித்திருக்கிறார். அந்தத் தண்ணீர் இல்லாமல் அவருடைய தொழில் நடவாது என்று அவர் சொல்வதையும் நம்புகிறேன், நானே குடித்துப் பார்த்தேன். இந்தத் தீர்ப்பினால் அவர் பிழைப்பை இழக்கக்கூடும். ஆனாலும் சட்டம் சொந்தக்காரரின் தேவை நியாயமானதா என்றுதான் என்னைக் கேட்கிறது. அது நியாயமானதே. அனுதாபத்துக்கு இடம் கொடுக்க எனக்கு அதிகாரமில்லை."

மார்க்கண்டர் அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தார். மற்ற எதையும் திருப்பிக் கேட்கவில்லை. கடைசிப் பகுதியை மட்டும் இன்னொருமுறை சொல்லச் சொன்னார். சொன்னேன்.

"அப்ப அவருக்கு எல்லாம் விளங்கினதுதான்" என்றார்.

"ஓம்."

"விளங்கிக்கொண்டுதான் எழுதினவர்."

நான் கடுதாசியை மடித்துக் கட்டுக்குள் வைத்தேன். அவர் எழுந்து சால்வையை உதறித் தோளில் போட்டார். பன்னிரண்டு மணி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. வாசல்வரை கூடப் போனேன். செருப்பைப் போட்டுக்கொண்டே சொன்னார்.

"இதை நான் தங்கமுத்துவுக்குச் சொல்லமாட்டன், தம்பி. நீங்களும் எங்கையும் கண்டால் சொல்லிப்போடாதேங்கோ. நீதவானுக்கு எங்கடை கஷ்டம் விளங்கேல்லை, தமிழிலை கேட்டிருந்தால் விளங்கியிருக்கும் எண்டுதான் அவள் இவ்வளவு நாளும் ஆறியிருக்கிறாள்."